அரச பெறுகையில் சிறு வியாபாரங்களுக்கான முன்னுரிமை: அதன் சட்ட எல்லைகள் பற்றி மட்டக்களப்பு, அம்பாறை வியாபாரிகளுக்கு ஒரு முழுமையான வழிகாட்டி

காத்தான்குடியில் தளபாடம் செய்பவரும், மருதமுனையில் கைத்தறி நெய்விப்பவரும், களுவாஞ்சிகுடியில் அச்சகம் நடத்துபவரும், வாழைச்சேனையில் சிறு கட்டட ஒப்பந்தங்களை எடுப்பவரும் அரச நிறுவனங்களுக்கு விலைமனுக் கொடுக்க முன்வரும்போது பெரும்பாலும் ஒரே கேள்வியைத்தான் கேட்கிறார்கள். “நாங்கள் சிறிய ஆட்கள், இந்த ஊர் ஆட்கள். எங்களுக்கு முன்னுரிமை தரச் சட்டத்தில் இடமில்லையா?” இடமுண்டு. ஆனால் அந்த இடம் பலரும் நினைக்கும் இடத்தில் இல்லை. விலைமனு கோரப்படுவதற்கு முன்னரே எழுத்தில் வகுக்கப்பட்டு, எல்லா விலைமனுதாரருக்கும் தெரியும்படி, அளந்து சொல்லப்பட்ட சலுகை சட்டபூர்வமானது. விலைமனுக்கள் திறக்கப்பட்ட பின்னர் மதிப்பீட்டு மேசையில் ஒருவருக்குக் காட்டப்படும் சலுகை, அதன் நோக்கம் எவ்வளவு நல்லதாயினும், சட்டத்துக்கு முரணானது. இந்த ஒரு கோட்டைத் தெளிவாகப் பிடித்துக்கொண்டால், எங்கே உரிமையோடு கேட்கலாம், எங்கே கேட்கவே கூடாது என்பது தானாக விளங்கும். இவ்வழிகாட்டியின் எல்லாப் படிகளும் அந்தக் கோட்டின் வழியேதான் செல்கின்றன.

முதலில் அறிய வேண்டிய சட்ட அடித்தளம்

பெறுகை என்பது அரச நிறுவனங்கள் பொருட்களையும் வேலைகளையும் சேவைகளையும் வெளியாரிடமிருந்து கொள்வனவு செய்வது. அரசியலமைப்பின் 19ஆம் திருத்தம் 2015இல் தேசிய பெறுகை ஆணைக்குழுவை உருவாக்கியது. 2020இல் 20ஆம் திருத்தம் அதனை நீக்கியது. 2022இல் 21ஆம் திருத்தம் மீண்டும் ஏற்படுத்தியது. அரச நிறுவனங்களின் பெறுகைக்கென நியாயமான, ஒப்புரவான, வெளிப்படையான, போட்டித்தன்மையுள்ள, செலவுச் சிக்கனமான நடைமுறைகளையும் வழிகாட்டல்களையும் வகுப்பதே அரசியலமைப்பு அதற்கு விதித்திருக்கும் பணி. சிறு வியாபாரத்துக்கு எந்தச் சலுகை வழங்கப்பட்டாலும் அது இந்த ஐந்து பண்புகளோடும் ஒத்துப்போக வேண்டும். ஒப்புரவு என்ற பண்பு சிறியவருக்குக் கதவைத் திறக்கிறது. போட்டித்தன்மையும் செலவுச் சிக்கனமும் அந்தக் கதவு எவ்வளவு தூரம் திறக்கலாம் என்பதைக் கட்டுப்படுத்துகின்றன.

நீண்ட காலமாக நடைமுறையில் இருந்த 2006ஆம் ஆண்டின் பெறுகை வழிகாட்டல்களுக்குப் பதிலாக, ஆணைக்குழு வெளியிட்ட 2024ஆம் ஆண்டின் வழிகாட்டல்கள் 2025 ஜனவரி 1 முதல் நடைமுறைக்கு வந்தன. ஆகவே பழைய கைந்நூலின் பிரதியை வைத்துக்கொண்டு வாதிடுவது பயன் தராது. உங்கள் விலைமனு எந்த ஆண்டின் வழிகாட்டல்களின் கீழ் கோரப்பட்டது என்பதை ஆவணத்தின் முதற்பக்கங்களிலேயே பார்த்துக்கொள்ளுங்கள்.

வழிகாட்டல்களுக்கு மேலே நிற்பது அரசியலமைப்பின் 12ஆம் உறுப்புரை. அதன் முதலாம் உட்பிரிவு சட்டத்தின் முன் எல்லோரும் சமம் என்கிறது. இரண்டாம் உட்பிரிவு இனம், மதம், மொழி, சாதி, பால், அரசியற் கருத்து, பிறப்பிடம் முதலிய காரணங்களால் பாரபட்சம் காட்டுவதைத் தடுக்கிறது. நான்காம் உட்பிரிவு பெண்கள், பிள்ளைகள், இயலாமையுடையோர் ஆகியோரின் முன்னேற்றத்துக்கெனச் சிறப்பு ஏற்பாடுகள் செய்ய அனுமதிக்கிறது. இந்த நான்காம் உட்பிரிவில் சிறு வியாபாரம் என்ற சொல் இல்லை என்பதைக் கவனியுங்கள். சிறியவர் என்ற காரணத்துக்காகத் தரப்படும் சலுகை முதலாம் உட்பிரிவின் சோதனையில் தேற வேண்டும்: சலுகை பெறுவோருக்கும் பெறாதோருக்கும் இடையே புரியத்தக்க வேறுபாடு இருக்க வேண்டும், அந்த வேறுபாட்டுக்கும் பெறுகையின் நோக்கத்துக்கும் நியாயமான தொடர்பும் இருக்க வேண்டும். பெண் ஒருவர் நடத்தும் வியாபாரத்துக்கான சலுகைக்கோ நான்காம் உட்பிரிவே துணை நிற்கும். எனினும் அந்த உட்பிரிவு சலுகை வழங்க அதிகாரம் தருகிறதேயன்றித் தானே சலுகையை வழங்குவதில்லை. அதை நடைமுறைப்படுத்தும் விதியோ சுற்றறிக்கையோ விலைமனு ஆவணத்தின் வாசகமோ இருந்தால்தான் கேட்க முடியும்.

வழிகாட்டல்கள் பாராளுமன்றச் சட்டம் அல்லவே, மீறினால் என்ன செய்ய முடியும் என்று கேட்பவர்கள் உண்டு. பெரேரா எதிர் எதிரிசிங்க என்ற வழக்கில் (1995இன் இலங்கைச் சட்ட அறிக்கைகளில் வெளியானது) பிரச்சினை ஒரு பல்கலைக்கழகப் பட்டம் பற்றியதுதான். ஆனால் எழுதப்பட்ட சட்டம் நேரடியாக ஓர் உரிமையைக் கொடுக்காத இடத்திலும், தகுதி பெற்றவருக்கு விதிகளின்படி உரியதைப் பாரபட்சமின்றி வழங்கும் கடமை 12ஆம் உறுப்புரையால் எழுகிறது என்று உயர் நீதிமன்றம் அதில் ஏற்றுக்கொண்டது. பொது நிறுவனம் தான் வெளியிட்ட நிபந்தனைகளைத் தானே மீறும்போது விலைமனுதாரர் பற்றிக்கொள்ளும் பிடியும் இதுதான்.

இந்தியச் சட்டத்தோடு குழப்பிக்கொள்ள வேண்டாம்

தமிழில் இணையத்தில் தேடினால் முதலில் கிடைப்பவை தமிழ்நாட்டுத் தகவல்களே. இந்தியாவில் 2006ஆம் ஆண்டின் குறு, சிறு, நடுத்தரத் தொழில் நிறுவன மேம்பாட்டுச் சட்டத்தின் கீழ் 2012இல் பிறப்பிக்கப்பட்ட ஆணை, மத்திய அமைச்சுகளும் பொதுத்துறை நிறுவனங்களும் தமது வருடாந்தக் கொள்வனவில் ஒரு பங்கைக் குறு, சிறு நிறுவனங்களிடம் வாங்க வேண்டுமென்கிறது. முதலில் 20 சதவீதமாக இருந்த அப்பங்கு 2018இல் 25 சதவீதமாக உயர்த்தப்பட்டது. அதற்குள் பெண் தொழில்முனைவோருக்கென 3 சதவீதம் உண்டு. மிகக் குறைந்த விலையிலிருந்து 15 சதவீதத்துக்குள் விலை கொடுத்த சிறு நிறுவனம், அந்தக் குறைந்த விலைக்கு இறங்கி வந்து ஒரு பகுதியை வழங்கவும் அங்கு வழியுண்டு. இவை எதுவும் மட்டக்களப்புக் கச்சேரியையோ கல்முனை மாநகர சபையையோ கட்டுப்படுத்தாது. திறந்த பின்னர் “குறைந்த விலைக்கு நானும் இறங்கி வருகிறேன்” என்று இங்கே ஒருவர் கடிதம் கொடுத்தால் அது அவருக்கே கேடாக முடியும்.

முதலாம் படி: பணம் எங்கிருந்து வருகிறது என்று பாருங்கள்

அரச நிதியா, மாகாண நிதியா, உள்ளூராட்சி மன்றத்தின் சொந்த நிதியா, வெளிநாட்டுக் கடனா, நன்கொடையா என்பதைப் பொறுத்து முன்னுரிமையின் எல்லை மாறும். மட்டக்களப்புப் போதனா வைத்தியசாலை மத்திய அமைச்சின் கீழுள்ளது. ஆரையம்பதியிலுள்ள பிரதேச சபை உள்ளூராட்சி மன்றம். மாகாணக் கல்வித் திணைக்களம் திருகோணமலையிலிருந்து இயங்கும் மாகாண நிர்வாகத்தைச் சேர்ந்தது. யாரிடம் முறையிடுவது, எந்த நீதிமன்றம் செல்வது என்பதும் இதிலிருந்தே தீர்மானமாகும்.

உலக வங்கி நிதியில், சர்வதேசப் போட்டி விலைமனுவில், உரிய நிபந்தனைகள் நிறைவேறினால், உள்நாட்டில் உற்பத்தியான பொருளுக்கு 15 சதவீதமும் உள்நாட்டு ஒப்பந்தக்காரரின் கட்டட வேலைக்கு 7.5 சதவீதமும் ஒப்பீட்டு முன்னுரிமை தரலாம். இது நாட்டுக்குரிய முன்னுரிமையேயன்றி வியாபாரத்தின் அளவுக்கோ மாவட்டத்துக்கோ உரியதன்று. கொழும்பின் பெரிய நிறுவனமும் இதே சலுகையைப் பெறும். வெளிநாட்டு உடன்படிக்கையின் விதியும் உள்நாட்டு வழிகாட்டலும் முரண்பட்டால் உடன்படிக்கையின் விதியே மேலோங்கும் என்பதையும் நினைவிற்கொள்க. முற்றிலும் அரச நிதியாயின் இத்தகைய வெளிக் கட்டுப்பாடு குறைவு. உலக வர்த்தக நிறுவனத்தின் அரச பெறுகை உடன்படிக்கையில் இலங்கை பார்வையாளராக மட்டுமே இருக்கிறது. ஆகவே உள்நாட்டு முன்னுரிமைக்கான எல்லைகள் நமது அரசியலமைப்பிலிருந்தும் வழிகாட்டல்களிலிருந்துமே வருகின்றன.

இரண்டாம் படி: உங்கள் அளவையும் பதிவுகளையும் தயாராக வையுங்கள்

கைத்தொழில், வாணிப அமைச்சு வெளியிட்ட சிறிய, நடுத்தர தொழில்முயற்சி அபிவிருத்திக்கான தேசியக் கொள்கைச் சட்டகத்தின்படி, 10 பேருக்கு மேற்படாத ஊழியரும் 15 மில்லியன் ரூபாவுக்கு மேற்படாத வருடாந்தப் புரள்வும் உள்ளது நுண் தொழில்முயற்சி. 11 முதல் 50 வரை ஊழியரும் 250 மில்லியன் வரை புரள்வும் உள்ளது சிறியது. நடுத்தரத்துக்குப் புரள்வு 750 மில்லியன் வரை. ஊழியர் தொகை உற்பத்தித் துறையில் 300 வரையும் சேவைத் துறையில் 200 வரையும் செல்லும். இந்த வரையறைக்குள் வருவது தானாகவே சலுகையைப் பெற்றுத் தராது. ஆவணத்தில் சலுகை இருந்தால், நீங்கள் அதற்கு உரியவர் என்று காட்ட இது உதவும். அதற்கு ஊழியர் சேமலாப நிதிப் பதிவும் வருமான வரிக் கூற்றும் போன்ற சான்றுகள் வேண்டும்.

பிரதேச செயலகத்தில் பெற்ற வியாபாரப் பெயர்ப் பதிவு, வரி அடையாள இலக்கம், கட்டட வேலையாயின் 2014ஆம் ஆண்டின் 33ஆம் இலக்கச் சட்டத்தின் கீழ் இயங்கும் நிர்மாணக் கைத்தொழில் அபிவிருத்தி அதிகார சபையின் தரப்பதிவு ஆகியவை அடிப்படையானவை. ஒப்பந்தத்தின் பெறுமதி 50 இலட்சம் ரூபாவைத் தாண்டினால் 1987ஆம் ஆண்டின் 3ஆம் இலக்க அரச ஒப்பந்தங்கள் சட்டத்தின் கீழ் கம்பனிப் பதிவாளரிடமும் பதிய வேண்டும். இவற்றிலிருந்து சிறியவர் என்பதற்காக எந்தக் குழுவும் விலக்களிக்க முடியாது.

ஆண்டின் இறுதியில் பல நிறுவனங்கள் அடுத்த ஆண்டுக்கான வழங்குநர் பதிவுக்குப் பத்திரிகைகளில் அறிவித்தல் விடுகின்றன. சிறிய பெறுமதியிலான கொள்வனவுகளுக்கு அந்தப் பட்டியலிலுள்ளவர்களிடமே கூறுவிலை கேட்கப்படும். என் கருத்தில், சிறு வியாபாரி ஒருவருக்கு நடைமுறையில் கிடைக்கும் மிகப் பெரிய வாய்ப்பு சலுகை விதிகளில் அல்ல, இந்தப் பட்டியலில்தான் இருக்கிறது. மூன்று கூறுவிலைகள் போதுமான கொள்வனவொன்றுக்குப் பெரிய நிறுவனம் கொழும்பிலிருந்து வருவது அரிது.

மூன்றாம் படி: ஆவணத்துக்குள் முன்னுரிமை எந்த வடிவில் இருக்கிறது என்று தேடுங்கள்

முன்னுரிமை மூன்று வடிவங்களில் வரலாம். முதலாவது, விலை ஒப்பீட்டில் தரப்படும் சதவீத இடைவெளி. இது எவ்வாறு வேலை செய்கிறது என்பதைப் பலர் தவறாக விளங்கிக்கொள்கிறார்கள். ஓர் எடுத்துக்காட்டாக, தகுதியுள்ள வழங்குநருக்கு 10 சதவீத முன்னுரிமை என்று ஆவணம் சொல்வதாக வைத்துக்கொள்வோம். சலுகைக்கு உரியவரல்லாதவர் 20 இலட்சம் ரூபா விலை கொடுக்கிறார். சலுகைக்கு உரிய நீங்கள் 21 இலட்சத்து 50 ஆயிரம் கொடுக்கிறீர்கள். ஒப்பிடும்போது மட்டும் அவரது விலையோடு 10 சதவீதம் கூட்டி 22 இலட்சமாகக் கொள்வார்கள். உங்கள் விலை அதைவிடக் குறைவு, ஒப்பந்தம் உங்களுக்கு. உங்களுக்குக் கொடுபடுவதோ நீங்கள் எழுதிய 21 இலட்சத்து 50 ஆயிரமேயன்றி 22 இலட்சமன்று. நீங்கள் 22 இலட்சத்து 50 ஆயிரம் எழுதியிருந்தால் சலுகை இருந்தும் தோற்றிருப்பீர்கள். அந்த 10 சதவீதமே சட்ட எல்லை. “சிறிய வித்தியாசந்தானே” என்று அதற்கு மேல் ஒரு ரூபா கூட்டவும் குழுவுக்கு அதிகாரமில்லை.

இரண்டாவது வடிவம், பெரிய கொள்வனவைத் தொகுதிகளாகப் பிரிப்பது. பட்டிருப்புக் கல்வி வலயத்தின் பாடசாலைகளுக்கு மேசைகளும் கதிரைகளும் வாங்க வேண்டியிருக்கிறது என்று கொள்வோம். முழுத் தொகையையும் ஒரே விலைமனுவாகக் கோரினால் அவ்வளவு உற்பத்தி வலுவுள்ள நிறுவனங்கள் மட்டுமே வரும். ஒரே அறிவித்தலில் பல தொகுதிகளாகப் பிரித்து, ஒருவர் ஒன்றுக்கோ பலவற்றுக்கோ விலை கொடுக்கலாம் என்றால் ஊர்த் தச்சுப்பட்டறையும் வர முடியும். யாரையும் விலக்காமல், யாருக்கும் விலையில் கூட்டிக் கொடுக்காமல் சிறியவருக்கு இடம் தருவதால், எல்லா வடிவங்களிலும் இதுவே மிகச் சிறந்தது என்று நான் கருதுகிறேன்.

ஆனால் இதற்கு மிக அருகிலேயே சட்டவிரோதமான ஒன்றும் இருக்கிறது. முழுத் தொகைக்குத் திறந்த விலைமனு கோர வேண்டியிருக்க, அதைத் தவிர்ப்பதற்காகவே அதே கொள்வனவைத் துண்டுகளாக்கி, ஒவ்வொன்றையும் கூறுவிலை எல்லைக்குக் கீழே கொண்டுவந்து, தெரிந்தவர்களுக்குப் பங்கிடுவது வழிகாட்டல்களுக்கு முரணானது. இரண்டையும் பிரித்தறிய ஒரு வழியுண்டு. சட்டபூர்வமான பிரிப்பில் எல்லாத் தொகுதிகளின் மொத்த மதிப்பீடே எந்த முறையில் கோருவது, எந்தப் பெறுகைக் குழு தீர்மானிப்பது என்பதை முடிவு செய்யும். முறைகேடான பிரிப்பில் துண்டின் மதிப்பீடு முடிவு செய்யும். உங்களுக்கு இலாபமாக அமைந்தாலும் இரண்டாவது வகையில் பங்கெடுக்காதீர்கள். கணக்காய்வு விசாரணை வரும்போது கொடுப்பனவு தடைப்படுவது உங்களுக்குத்தான்.

மூன்றாவது வடிவம் தகைமை நிபந்தனைகளில் மறைந்திருக்கிறது. கட்டட வேலையில் வேலையின் பெறுமதிக்கேற்ற தரத்திலுள்ளவர்களை மட்டும் அழைப்பது சிறிய வேலைகளைச் சிறிய ஒப்பந்தக்காரருக்கு இயல்பாகவே விட்டுவைக்கிறது. மாறாக, சில இலட்சம் ரூபா அச்சு வேலைக்குப் பல கோடி புரள்வு கேட்பது சிறியவரைத் தள்ளிவைக்கும் நிபந்தனை. ஐரோப்பிய ஒன்றியத்தின் 2014ஆம் ஆண்டுப் பணிப்புரை, விசேட காரணமின்றி ஒப்பந்தப் பெறுமதியின் இரு மடங்குக்கு மேல் புரள்வு கேட்கக் கூடாது என்கிறது. அது இங்கே சட்டமாகாது. ஆயினும் ஒரு நிபந்தனை வேலைக்குப் பொருத்தமானதா என்று எழுத்தில் கேள்வி எழுப்பும்போது நல்லதோர் அளவுகோல்.

நான்காம் படி: “உள்ளூர்” என்ற நிபந்தனையை மிகக் கவனமாக ஆராயுங்கள்

நமது இரு மாவட்டங்களில் மிகவும் நுட்பமான இடம் இதுவே. கரையோரப் பெருந்தெருவில் கல்லடியிலிருந்து பொத்துவில் வரை பயணிக்கும் எவருக்கும் தெரியும், ஊர்கள் ஒன்றையொன்று தொட்டுக்கொண்டு நிற்கின்றன. ஆனால் பல ஊர்களில் வசிப்போர் பெரும்பாலும் ஒரே சமூகத்தவர். காத்தான்குடிக்கும் ஆரையம்பதிக்கும் இடையிலும், கல்முனைக்கும் பாண்டிருப்புக்கும் இடையிலும், சம்மாந்துறைக்கும் அயலிலுள்ள தமிழ்க் கிராமங்களுக்கும் இடையிலும் உள்ள தூரம் மிகச் சிறிது. இத்தகைய நிலத்தில் “இன்ன பிரதேசத்தில் வசிப்பவர் மட்டும் விண்ணப்பிக்கலாம்” என்ற நிபந்தனை, எழுத்தில் இடத்தைப் பற்றிப் பேசினாலும் விளைவில் இனத்தைப் பற்றியதாக மாறிவிடக்கூடும். அப்போது அது 12ஆம் உறுப்புரையின் இரண்டாம் உட்பிரிவோடு மோதுகிறது. அந்தப் பட்டியலில் பிறப்பிடமும் இருப்பதால் “இவ்வூரில் பிறந்தவர்” என்ற நிபந்தனைக்கு நேரடியாகவே இடமில்லை.

இடம் சார்ந்த எல்லா நிபந்தனையும் பிழை என்பது இதன் பொருளன்று. பாடசாலை மதிய உணவை எடுத்துக்கொள்ளுங்கள். சமைத்த உணவு குறித்த நேரத்துக்குள் சூடாக வந்து சேர வேண்டும்; பாடசாலைக்கு அண்மையில் சமைப்பவரைத் தேர்வதற்கும் பிள்ளைகளின் உடல்நலத்துக்கும் நேரடித் தொடர்பு இருக்கிறது. குடிநீர்ப் பம்பியைத் திருத்தும் சேவையில், அழைத்த சில மணி நேரத்துக்குள் வந்து சேர வேண்டும் என்ற நிபந்தனைக்கும் அத்தகைய தொடர்பு உண்டு. இங்கே நிபந்தனையை வேலையின் தேவையாக எழுத வேண்டும்: இத்தனை மணி நேரத்துக்குள் வழங்கல், இத்தனை கிலோமீற்றருக்குள் சேவை நிலையம் என்று. அந்தத் தேவையை நிறைவேற்றக்கூடிய எந்த ஊரவரும், எந்தச் சமூகத்தவரும் போட்டியிடலாம். ஆனால் கடதாசி, மடிகணினி, சீருடைத் துணி போன்றவற்றை வழங்குவதற்குக் குறித்த பிரதேச செயலகப் பிரிவின் வதிவிடச் சான்று கேட்டால், அதற்கும் கொள்வனவின் நோக்கத்துக்கும் என்ன தொடர்பு என்ற கேள்விக்கு நிறுவனத்தால் பதில் சொல்ல முடியாது.

நமது ஊருக்கு நன்மை தருகிறதே என்று இத்தகைய நிபந்தனையை ஆதரிப்பவர்கள் ஒன்றை எண்ணிப் பார்க்க வேண்டும். அடுத்த பிரதேச சபை அதே நிபந்தனையை எழுதினால் உங்கள் பட்டறைக்கு அங்கே இடமிராது. ஒரு சிறு வியாபாரம் வளர ஒரு பிரதேச சபையின் கொள்வனவு போதாது. மட்டக்களப்பிலிருந்து அம்பாறை வரை அதற்குச் சந்தை திறந்திருக்க வேண்டும்.

ஐந்தாம் படி: சங்கங்களுக்கு நேரடியாக வழங்கப்படும் வேலைகள்

கிராம அபிவிருத்திச் சங்கங்கள், 2000ஆம் ஆண்டின் 46ஆம் இலக்கக் கமநல அபிவிருத்திச் சட்டத்தின் கீழ் பதியப்பட்ட கமக்காரர் அமைப்புகள் போன்றவற்றுக்குச் சிறு வேலைகளைப் போட்டியின்றி வழங்க, சமூகப் பங்கேற்புப் பெறுகை என்ற முறை இடமளிக்கிறது. உன்னிச்சைக் குளத்தின் வாய்க்காலை, அதன் நீரால் வயல் செய்பவர்களே திருத்துவதில் உண்மையான பயனுண்டு. இந்த முன்னுரிமையின் எல்லை இரண்டு. வேலையின் பெறுமதி நடப்புச் சுற்றறிக்கை குறிப்பிடும் உச்சத்துக்குள் இருக்க வேண்டும். வேலையைச் சங்கமே செய்ய வேண்டும். சங்கத்தின் பெயரில் ஒப்பந்தத்தை எடுத்து, ஒரு சிறு பங்கைச் சங்கத்துக்குக் கொடுத்துவிட்டு, ஓர் ஒப்பந்தக்காரர் முழு வேலையையும் செய்வது இம்முறையின் அடிப்படையையே அழிக்கிறது. அவ்வாறு செய்பவர் சிறிய ஒப்பந்தக்காரராக இருந்தாலும் பிழை பிழையே. அவர் போட்டியிட்டுப் பெற வேண்டியதைப் போட்டியின்றிப் பெறுகிறார்.

வெள்ள காலத்து அவசரப் பெறுகையும் இதுபோன்றதே. குளக்கட்டு உடைந்தால் அருகிலுள்ளவரிடம் உடனே வேலையைக் கொடுக்கலாம். அந்த விலக்கு அவசரமான பகுதிக்கு மட்டுமே உரியது. மழை ஓய்ந்த பின்னர் செய்யும் நிரந்தரத் திருத்தத்துக்குச் செல்லாது.

ஆறாம் படி: முடிவுத் திகதிக்கு முன்னர் எழுத்தில் கேளுங்கள்

நிபந்தனை ஒன்று பொருத்தமற்றது, தொகுதியாகப் பிரித்திருக்கலாம், சலுகைக்கான சான்று எதுவென்று தெளிவில்லை என்பவற்றையெல்லாம் எழுப்ப வேண்டிய நேரம் இதுவே. முன்னுரிமை கேட்பதற்கான உங்கள் சட்டபூர்வமான குரல் இந்தக் காலத்துக்குள் மட்டுமே ஒலிக்க முடியும். விளக்கம் கோருவதற்கான இறுதி நாள் ஆவணத்தில் இருக்கும். விலைமனுவுக்கு முந்திய கூட்டம் இருந்தால் கட்டாயம் செல்லுங்கள். கடிதத்தைத் தமிழில் எழுதலாம். வடக்கு, கிழக்கு மாகாணங்களில் தமிழ் நிர்வாக மொழி என்று அரசியலமைப்பு சொல்கிறது, அம்பாறை நகரிலுள்ள அலுவலகங்களும் அதற்குள் அடங்கும். நிறுவனம் திருத்தம் செய்தால் அதனை ஆவணம் பெற்ற எல்லோருக்கும் அறிவிக்க வேண்டும். உங்களுக்கு மட்டும் தொலைபேசியில் சொல்லப்பட்ட தளர்வு செல்லாது. அதை நம்பி விலை எழுதுவது ஆபத்தானது.

பிந்தி வந்த விலைமனு திறக்கப்படாமலே திருப்பி அனுப்பப்படும். மார்கழி மாதத்தில் வெல்லாவெளி, போரதீவுப் பக்கத்து வீதிகள் நீரில் மூழ்கும்போதும் இவ்விதி தளராது. நிறுவனம் விரும்பினால் முடிவு நேரத்துக்கு முன்னரே, எல்லோருக்கும் பொதுவாகத் திகதியை நீடிக்கலாம். மழைக்காலத்தில் நீடிப்பு வரும் என்று காத்திராமல் முன்கூட்டியே கையளித்துப் பற்றுச்சீட்டுப் பெறுங்கள்.

ஏழாம் படி: திறக்கும் வேளையும் மதிப்பீடும்

திறக்கும் இடத்துக்கு நேரில் செல்லுங்கள். ஒவ்வொரு விலையும், விலைமனுப் பிணையின் விபரமும், கழிவும் வாசிக்கப்படும், அனைத்தையும் குறித்துக்கொள்ளுங்கள். அதன் பின்னர் தொழில்நுட்ப மதிப்பீட்டுக் குழு ஆவணத்தில் சொல்லப்பட்ட அளவுகோல்களை மட்டுமே பயன்படுத்தலாம். கூட்டற் பிழையைத் திருத்தலாம். அலகு விலையும் மொத்தமும் முரண்பட்டால் பொதுவாக அலகு விலையே கொள்ளப்படும். ஆனால் கட்டாயமான பிணையை இணைக்காத விலைமனுவை, கொடுத்தவர் வங்கி வசதி குறைந்த சிறியவர் என்பதற்காக ஏற்க முடியாது. அவருக்கு உதவ விரும்பிய நிறுவனம், வழிகாட்டல்கள் இடமளிக்கும் இடத்தில் பிணைக்குப் பதிலாக விலைமனுப் பாதுகாப்புப் பிரகடனத்தை, அதாவது விலைமனுவிலிருந்து பின்வாங்க மாட்டேன் என்ற எழுத்து உறுதியை, முன்னரே ஆவணத்தில் அனுமதித்திருக்க வேண்டும்.

இந்தக் கட்டத்தில் நல்லெண்ணத்தோடு சலுகை காட்டும் அலுவலரும் தன்னைச் சிக்கலில் மாட்டிக்கொள்கிறார். 2018ஆம் ஆண்டின் 19ஆம் இலக்கத் தேசிய கணக்காய்வுச் சட்டத்தின் கீழ், அரசுக்கு ஏற்பட்ட இழப்பை அவரிடமே அறவிட வழியுண்டு. ஒருவருக்கு முறையற்ற நன்மை சேர்க்கும் நோக்கம் இருந்தால் 2023ஆம் ஆண்டின் 9ஆம் இலக்க ஊழலுக்கு எதிரான சட்டம் பாயும். ஒப்பந்தக்காரர்கள் தமக்குள் பேசி, பணம் கொடுத்து ஒருவரது விலைமனுவை மீளப்பெறச் செய்வதும் குற்றமே. “இந்த வேலை உனக்கு, அடுத்தது எனக்கு” என்று ஊருக்குள் பங்கிட்டுக்கொள்வதைச் சிலர் ஒற்றுமை என்று நினைக்கிறார்கள். அது புதிதாகத் தொழில் தொடங்கும் அதே ஊரின் இளைஞருடைய வாய்ப்பைப் பறிக்கிறது.

எட்டாம் படி: அநீதி நடந்ததாகக் கருதினால், நாட்களை எண்ணிச் செயற்படுங்கள்

முதலில் உங்கள் விலைமனு ஏன் தெரிவாகவில்லை என்று எழுத்தில் காரணம் கேளுங்கள். அறிவித்தலில் குறிப்பிடப்பட்ட காலத்துக்குள், குறிப்பிடப்பட்ட அதிகாரியிடமோ சபையிடமோ மேன்முறையீடு செய்யுங்கள். அதன்போது “நான் சிறியவன்” என்று தொடங்காதீர்கள். ஆவணத்தின் எந்த வாசகம் மீறப்பட்டது, அதனால் ஒப்பீடு எவ்வாறு மாறியது என்று இலக்கங்களோடு காட்டுங்கள்.

2016ஆம் ஆண்டின் 12ஆம் இலக்கத் தகவல் அறியும் உரிமைச் சட்டத்தின் கீழ் மதிப்பீட்டு அறிக்கையையும் வழங்கப்பட்ட ஒப்பந்த விலையையும் கேட்கலாம். தகவல் அலுவலர் 14 வேலை நாட்களுக்குள் தீர்மானிக்க வேண்டும். மறுத்தால் 14 நாட்களுக்குள் குறித்தளிக்கப்பட்ட அலுவலரிடமும், அதன் பின்னர் இரண்டு மாதங்களுக்குள் தகவல் அறியும் உரிமை ஆணைக்குழுவிடமும் முறையிடலாம். போட்டியாளரின் வர்த்தக இரகசியம் என்று சில பகுதிகள் மறுக்கப்படக்கூடும். பொது நலன் மேலோங்குகிறது என்று வாதிட இடமுண்டு.

இங்கேதான் பலர் தவறவிடுகிறார்கள். அடிப்படை உரிமை மனுவை உயர் நீதிமன்றத்தில் மீறல் நடந்து ஒரு மாதத்துக்குள் தாக்கல் செய்ய வேண்டும். தகவல் கிடைக்கட்டும் என்று காத்திருந்தால் அந்த மாதம் கடந்துவிடும். அந்த ஒரு மாதத்துக்குள் மனித உரிமைகள் ஆணைக்குழுவிடம் முறைப்பாடு செய்தால், 1996ஆம் ஆண்டின் 21ஆம் இலக்கச் சட்டத்தின் 13ஆம் பிரிவின்படி அங்கே விசாரணை நிலுவையிலிருக்கும் காலம் கணக்கில் சேராது. ஆணைக்குழுவுக்கு மட்டக்களப்பிலும் கல்முனையிலும் பிராந்திய அலுவலகங்கள் உள்ளன. ஆனால் முறைப்பாட்டைக் கொடுத்ததாக மட்டும் காட்டினால் போதாது. விசாரணை நடைபெறுகிறது என்பதற்கான எழுத்தைப் பெற்று வையுங்கள்.

தீர்மானத்தை இரத்துச் செய்யும் எழுத்தாணையை மத்திய நிறுவனங்களுக்கு எதிராக மேன்முறையீட்டு நீதிமன்றத்தில் கேட்கலாம். பிரதேச சபை போன்று மாகாண நிரலுக்குட்பட்ட (அரசியலமைப்பு மாகாணங்களிடம் ஒப்படைத்துள்ள) விடயங்களில் செயற்படுவோருக்கு எதிராக மாகாண மேல் நீதிமன்றத்துக்கும் அந்த அதிகாரம் உண்டு. எந்த மன்றம் உரியது என்பதைச் சட்டத்தரணியோடு முதல் வாரத்திலேயே முடிவு செய்யுங்கள். ஒப்பந்தம் கைச்சாத்தாகி வேலை தொடங்கிவிட்டால், நீதிமன்றம் உங்கள் பக்கம் நின்றாலும் வேலையை உங்களுக்கு மாற்றித் தருவது மிகக் கடினமாகிவிடும். ஆகவே மனுவோடு இடைக்காலத் தடையுத்தரவும் கேட்கப்பட வேண்டும். அதைக் கேட்பதற்குத் திறப்பு வேளையில் நீங்கள் குறித்த விலைகளும், கையளித்த பற்றுச்சீட்டும், முடிவுத் திகதிக்கு முன் அனுப்பிய கடிதமும், அதற்கு வந்த பதிலும் ஒரே கோவையில் இருக்க வேண்டும்.